கொக்கோ நாட்டின் தலைமகன்

ஆப்பிரிக்கக் கண்டத்தின் மேற்குக் கரையில், கினி வளைகுடாவை நோக்கியவாறு அமைந்திருப்பது கானா நாடு. நம் சங்கத்துக் குடும்பங்களுள் அந்நாட்டைப் படத்தில் தேடாமல் சுட்டிக் காட்ட வல்லார் மிகச் சிலரே ஆவர். ஆயினும் நம் வீட்டுக் குழந்தைகள் அடம் பிடித்து வாங்கித் தின்னும் சாக்லேட்டுக்கு வேண்டும் கொக்கோவை, ஒரு காலத்தில் உலகிற்கே மிகுதியாக விளைவித்துத் தந்த நாடு அது. இந்தியா விடுதலை பெற்றுப் பத்தாண்டு நிறையுமுன், 1957-ஆம் ஆண்டு மார்ச்சுத் திங்கள் 6-ஆம் நாள், அதுவும் விடுதலை பெற்றது. சகாராப் பாலைக்குத் தெற்கே பிரிட்டிஷார் ஆண்ட குடியேற்ற நாடுகளுள் முதலில் தளை நீங்கியது அதுவே. அத்தளையை நீக்கிய தலைமகனாகப் போற்றப் பெற்றவர் குவாமி நிக்ரூமா. அவரே ஒன்பது ஆண்டுகள் கழித்துத் தம் நாட்டினின்றும் விலக்கப்பட்டு, அயல் மண்ணில் இறந்தார். அவ்வரலாற்றை இங்கே எடுத்துரைக்க விழைகின்றோம்.

அந்நாளில் அந்நாட்டின் பெயர் பொற்கரை. ஐரோப்பியர் பொன் தேடி வந்தமையால் இட்ட பெயர் அது. பொன்னுக்கு வந்தவர் பின்பு மனிதரை வாங்கலாயினர். கடற்கரை நெடுகப் போர்ச்சுகீசியரும் டச்சுக்காரரும் டேனியரும் ஆங்கிலேயரும் கட்டிய கோட்டைகள் இன்றும் நிற்கின்றன. அவற்றின் நிலவறைகளில் அடைக்கப்பட்டிருந்து கப்பலேற்றப்பட்டோர் எண்ணற்றோர். அடிமை வாணிகம் ஒழிந்த பின்னரும் ஆங்கிலேயர் ஒழிந்தாரல்லர். 1874-இல் கரைப்பகுதியை முடியரசின் குடியேற்ற நாடாக அறிவித்தனர். பின்பு உள்நாட்டில் வீறுற்று விளங்கிய அசாந்தி அரசையும் வென்று சேர்த்துக்கொண்டனர். இருப்புப்பாதை இட்டனர். ஆனால் அப்பாதை ஊரையும் ஊரையும் இணைக்க இட்டதன்று. சுரங்கத்தையும் கொக்கோக் காட்டையும் துறைமுகத்தோடு இணைக்க இட்டது. செக்கொண்டித் துறையிலிருந்து புறப்பட்ட இருப்புப்பாதை தார்க்குவாப் பொற்சுரங்கத்தைத் தொட்டுக் குமாசி நகரை 1903-இல் அடைந்தது. நாட்டின் வடபகுதிக்கு அது செல்லவேயில்லை.

கொக்கோவின் கதை இங்குக் கூறத் தக்கது. தெத்தே குவார்சி என்னும் கொல்லர் ஒருவர் பெர்னாண்டோ போ தீவில் வேலை பார்த்துவிட்டு 1879-இல் தாயகம் திரும்பியபோது சில விதைகளைக் கொணர்ந்து நட்டார் என்பது அந்நாட்டார் போற்றி வரும் செய்தி. முப்பதே ஆண்டுகளில், 1911-இல், உலகில் மிகுதியான கொக்கோவை விளைவிக்கும் நாடாகப் பொற்கரை உயர்ந்தது. நம் நீலகிரியிலும் அசாமிலும் தேயிலைக்கு நேர்ந்தது போலத் துரைமார் தோட்டம் அமைத்துக் கூலிகளைக் கொண்டு செய்த வேலையன்று இது. கறுப்பின உழவர் தம் சிறு நிலங்களில் தாமே செய்த பயிர். ஆயினும் அதனை வாங்குவோர் ஒரு சில ஐரோப்பிய நிறுவனத்தாரே. அவர்கள் தம்முள் கூடி விலையைக் கட்டினர். 1937-இல் உழவர் சினந்து, விளைந்ததை விற்க மறுத்து, மாதக்கணக்கில் கையில் வைத்திருந்தனர். விலையை எங்கோ இருப்பவர் கட்டுவர், உழைப்பவர் அதை ஏற்க வேண்டும் என்னும் அந்நிலையை நினைவிற் கொள்க. நிக்ரூமாவின் எழுச்சிக்கும் வீழ்ச்சிக்கும் அது காரணமாயிற்று.

நாட்டின் தென்மேற்கு மூலையில் இங்குரோபுல் என்னும் சிற்றூரில் நிசிமா குலத்தில் அவர் பிறந்தார். 1909 செப்டம்பர் 21 என்பது பதிவான நாள். அவரது குலத்தில் பிறந்த நாட்கணக்கை எழுதி வைக்கும் வழக்கம் இல்லை. சனிக்கிழமை பிறந்த ஆண் குழந்தை ஆதலின் குவாமி என்று பெயர் பெற்றார். நம்மில் சிலர் நட்சத்திரத்தால் பெயரிடுவது போல அவர்கள் கிழமையால் பெயரிடுவர். தந்தை பொற்கொல்லர். தாய் நியானிபா சிறு வாணிகம் செய்தவர். கத்தோலிக்கப் பள்ளியில் பயின்று, அக்ராவில் ஆசிரியப் பயிற்சி பெற்று, எல்மினாவிலும் ஆக்சிமிலும் ஆசிரியராக இருந்தார். ஆசிரியத் தொழிலோடு அமைதியாக வாழ்ந்திருக்கலாம். வாழ அவர் மனம் இசையவில்லை.

1935-இல் உறவினர் தந்த பொருளைக் கொண்டு அமெரிக்காவிற்குக் கப்பலேறினார். வழியில் இலண்டனில் தங்கியபோது, முசோலினி அபிசீனியாவின் மீது படையெடுத்த செய்தியைத் தெருவில் கண்டார். ஆப்பிரிக்காவில் அடிமைப்படாது எஞ்சியிருந்த பழம்பெரும் அரசு அது. அச்செய்தியைக் கண்டு தம்மைச் சூழ்ந்திருந்தோர் ஒருவர் முகத்திலும் சிறு மாறுதலும் தோன்றாமை கண்டு அவர் உள்ளம் கொதித்தது என்று அவரே பிற்காலத்தில் எழுதியுள்ளார்.

அமெரிக்காவில் அவர் கழித்த பத்தாண்டுகள் பல்கலைக்கழகப் பட்டங்களோடு பசியையும் அளித்தன. பென்சில்வேனியாவில் கறுப்பின மாணவர்க்கென அமைந்த லிங்கன் கல்லூரியில் 1939-இல் பட்டம் பெற்றார். சமயக் கல்வியும் தத்துவமும் கல்வியியலும் பயின்றார். விடுமுறை நாட்களில் ஆர்லெம் தெருக்களில் மீன் விற்றார். அழுகிய கழிவுகள் குவிந்த சோப்பு ஆலையில் மூட்டை தூக்கினார். கப்பலில் எச்சில் தட்டுக் கழுவினார். கப்பல் கட்டும் துறையில் இரவுப் பணி செய்தார். உறைவிடம் இல்லாத இரவுகளில், சிறு காசு கொடுத்து நியூயார்க்கின் நிலவடி இரயிலில் ஏறி, விடியும் வரை அங்குமிங்கும் சென்று கொண்டே உறங்கியதும் உண்டு. பிழைப்புக்காக ஊர் விட்டு வந்து, முதலிரு ஆண்டுகள் ஓர் அறையில் பலராய் முடங்கியிருந்த நம் சங்கத்து மூத்தோர்க்கு இவ்வின்னல் அயலானதன்று.

1945-இல் இலண்டன் சேர்ந்தார். அவ்வாண்டு அக்டோபரில் மான்செஸ்டர் நகரில் ஐந்தாவது அனைத்து ஆப்பிரிக்க மாநாடு கூடியது. முதுபெரும் அறிஞர் டுபாய்ஸ் தலைமை தாங்கினார். திரினிடாடு நாட்டு ஜார்ஜ் பாட்மோரும், பிற்காலத்தில் கென்யாவை ஆண்ட ஜோமோ கென்யாட்டாவும் அங்கிருந்தனர். முன்னைய மாநாடுகள் வல்லரசுகளை நோக்கி விண்ணப்பம் செய்து அமைந்தன. இம்மாநாடோ விடுதலையை உரிமையாகக் கேட்டது. இந்தியா விடுதலையின் வாயிலில் நின்ற காலம் அது. காந்தியடிகளின் ஒத்துழையாமை வெல்லுமா என்ற ஐயத்துடன் முன்பு அதனை நோக்கிய நிக்ரூமா, இப்பொழுது அதுவே வழி எனத் தெளிந்தார்.

தாயகத்தில் டாக்டர் டான்குவா முதலிய வழக்கறிஞரும் வணிகரும் சேர்ந்து 1947-இல் ஒரு கட்சி அமைத்திருந்தனர். முழு நேரமும் உழைக்கும் செயலர் ஒருவர் தேவைப்பட்டார். ஆக்கோ அட்ஜே என்னும் நண்பர் நிக்ரூமாவின் பெயரை மொழிந்தார். அழைப்பு இலண்டனுக்குச் சென்றது. பன்னிரண்டு ஆண்டுகள் கழித்து, 1947 டிசம்பரில், அவர் தாய்மண்ணை மிதித்தார். அழைத்த டான்குவாவையும் பெயர் மொழிந்த அட்ஜேயையும் வாசகர் மறவாதிருக்க வேண்டுகின்றோம்.

அவர் வந்திறங்கிய காலம் நாடு புழுங்கிக்கொண்டிருந்த காலம். இரண்டாம் உலகப் போரில் மேற்கு ஆப்பிரிக்கப் படைப்பிரிவுகள் இந்தியா வழியாகச் சென்று பர்மாவில் சப்பானியரோடு போரிட்டன. அவ்வீரர் இங்கே விடுதலை வேட்கையைக் கண்ணாரக் கண்டனர். வெள்ளையரும் குண்டடி பட்டு வீழ்வதைப் பர்மாக் காடுகளில் கண்டனர். ஊர் திரும்பியபோது வாக்களித்த உதவித் தொகையும் இல்லை, வேலையும் இல்லை. கடைகளில் துணியும் எண்ணெயும் யானை விலை விற்றன. நோயுற்ற கொக்கோ மரங்களை அரசினர் ஆள் விட்டு வெட்டியதால் உழவரும் கொதித்திருந்தனர்.

1948 பிப்ரவரி 28-ஆம் நாள் பழைய போர்வீரர் கவர்னரிடம் விண்ணப்பம் அளிக்கப் படைக்கலம் ஏதுமின்றி அணிவகுத்துச் சென்றனர். கிறிஸ்தியன்போர்க் கோட்டைக்குச் செல்லும் நாற்சந்தியில் போலீஸ் அதிகாரி சுட்டார். அட்ஜெத்தே, அத்திப்போ, ஒடார்த்தே லாம்ப்தே என்னும் மூவர் மாண்டனர். பர்மாவில் சப்பானியர் குண்டுக்குத் தப்பியவர், தாம் எவர் பொருட்டுப் போரிட்டனரோ அவர் குண்டுக்கே பலியாயினர். அக்ரா நகர் பற்றி எரிந்தது. ஐரோப்பியர் கடைகள் சூறையாடப்பட்டன. அரசினர் நிக்ரூமா, டான்குவா உள்ளிட்ட அறுவரைச் சிறைப்பிடித்து வடபுலத்திற்கு அனுப்பினர். கலகத்தை மூட்டியவர் இவ்வறுவர் என்பது அரசின் எண்ணம். உண்மையில் மூட்டியவை துணியின் விலையும் துப்பாக்கியுமே.

பின்னர் அரசியல் சீர்திருத்தக் குழு ஒன்றை அமைத்தனர். டான்குவா முதலியோர்க்கு அதில் இடம் தந்து நிக்ரூமாவை மட்டும் விலக்கினர். பிரித்தாளும் இவ்வழி நம் நாட்டார்க்குப் பழையதே. பிரிந்தவரோ பெரும்படை திரட்டினார். 1949 ஜூன் 12-ஆம் நாள் மாநாட்டு மக்கள் கட்சி என்னும் புதுக் கட்சியைத் தொடங்கினார். அங்காடிப் பெண்டிரும், லாரி ஓட்டுநரும், ஏழாம் வகுப்போடு நின்ற இளைஞரும் அவர் பின் திரண்டனர். அங்காடிப் பெண்டிரை அந்நாட்டார் மம்மி என்பர். மீனும் துணியும் விற்று ஊர்ச் செல்வத்தைக் கையில் வைத்திருப்போர் அவர்களே. கட்சிக்குப் பொருளும் குரலும் அவர்களால் வந்தன என்பதை வரலாறு எழுதுவோர் பலர் ஒரு வரியில் கடந்து போகின்றனர்.

1950 ஜனவரியில் வேலை நிறுத்தமும் ஒத்துழையாமையும் தொடங்கின. அரசினர் அவரைப் பற்றி மூன்றாண்டுச் சிறைத் தண்டனை விதித்து அக்ராவில் ஜேம்ஸ் கோட்டையில் அடைத்தனர். ஆங்கிருந்து கழிப்பறைத் தாளில் பென்சிலால் எழுதிய ஓலைகள் இரகசியமாக வெளிவந்து கட்சியை நடத்தின. 1951 பிப்ரவரியில் பொதுத்தேர்தல் வந்தது. சிறையில் இருந்தவாறே அக்ரா நகர்த் தொகுதியில் நின்றார். பதிவான 23,122 வாக்குகளில் 22,780 வாக்குகள் அவர்க்கே வீழ்ந்தன. கவர்னர் ஆர்டன்-கிளார்க் முன்னர் இரு வழிகளே இருந்தன. விடுவிப்பதா, நாடே சிறையாவதைக் காண்பதா? பிப்ரவரி 12-ஆம் நாள் கதவு திறந்தது. மறுநாள் கவர்னர் மாளிகைக்கு அழைக்கப்பட்டு, ஆட்சிப் பொறுப்பேற்குமாறு வேண்டப்பட்டார். 1952-இல் பிரதம மந்திரி ஆனார். அவருடன் சிறை சென்ற தொண்டர்கள் வெண்குல்லாயில் ஆங்கில எழுத்துகள் இரண்டைப் பொறித்து அணிந்தனர். சிறைப் பட்டதாரி என்பது அவ்வெழுத்துகளின் பொருள்.

இதுவரை கூறியது எளிய வரலாறு. பகைவர் அயலார், நல்லோர் நம்மவர் என்று சொல்லிப் போகலாம். இனி வருவது அவ்வாறன்று.

போருக்குப் பின் கொக்கோவின் விலை உயர்ந்தது. 1954-இல் உச்சத்தை எட்டியது. குடியேற்ற அரசு அமைத்திருந்த கொக்கோ விற்பனைக் கழகம் உழவர்க்கு உலக விலையில் ஒரு பகுதியை மட்டும் தந்து, எஞ்சியதை இலண்டனில் ஸ்டெர்லிங் நாணயமாகச் சேர்த்து வைத்தது. ஆட்சிக்கு வந்த நிக்ரூமா அக்கழகத்தைக் கலைக்கவில்லை. அவர்க்குப் பள்ளி கட்டப் பணம் வேண்டும், சாலை போடப் பணம் வேண்டும். வேறு ஊற்று ஏது? 60 பவுண்டு எடை கொண்ட சுமைக்கு 72 ஷில்லிங் எனப் பல்லாண்டிற்கு விலையைச் சட்டத்தால் நிறுத்தினார். உலகச் சந்தையிலோ அது பன்மடங்கு விலை போயிற்று. அசாந்தி நாட்டு உழவர் கொதித்தெழுந்து 1954-இல் தனிக் கட்சி கண்டனர். வீடுகளில் வெடி வைத்தனர். தெருவில் வெட்டிக்கொண்டனர். முன்பு வெள்ளையர் கூடிக் கட்டிய விலையை இப்போது கறுப்பர் கட்டுகின்றார் என்பதே உழவர் முறையீடு. அப்பணம் பள்ளிகளாயிற்று என்பதும் மெய். 1952 முதல் தொடக்கக் கல்விக்குக் கட்டணம் நீக்கப் பெற்று, சில ஆண்டுகளில் பள்ளி செல்லும் சிறுவர் தொகை இருமடங்கானது. நம் கருத்தில் இருபுறமும் நீதி இருந்தது. உழவரை அழைத்துப் பேசித் தீர்த்திருக்கலாம் என்பது மட்டும் உறுதி.

1957 மார்ச்சு 5-ஆம் நாள் நள்ளிரவில் அக்ராவின் பழைய போலோ மைதானத்தில் பிரிட்டிஷ் கொடி இறங்கி, சிவப்பும் பொன்னும் பசுமையும் கொண்டு நடுவே கருநட்சத்திரம் பொறித்த கொடி ஏறியது. வடநாட்டு உழவரின் கைத்தறிச் சட்டையும் சிறைப் பட்டதாரிக் குல்லாயும் அணிந்து நிக்ரூமா மேடையில் நின்றார். மார்ட்டின் லூதர் கிங் பார்வையாளருள் ஒருவராக இருந்தார். ஆப்பிரிக்கா முழுதும் விடுதலை பெறாவிடின் தம் நாட்டு விடுதலைக்குப் பொருளில்லை என அவர் அன்று அறிவித்ததைச் சொல்லலங்காரம் எனப் பலர் எண்ணினர். அவர் அதனை உள்ளபடியே கருதினார்.

பழைய பேரரசு ஒன்றின் பெயரைக் கொண்டு நாட்டிற்குக் கானா எனப் பெயரிட்டனர். அப்பெயரைப் பல்லாண்டு முன்னரே எடுத்து முழங்கியவர் டான்குவா. நிக்ரூமா டேனியர் கட்டிய கிறிஸ்தியன்போர்க் கோட்டையில், கவர்னர் வாழ்ந்த அறைகளில், குடிபுகுந்தார். புது நாணயத்தில் அவர் முகம் பொறிக்கப் பெற்றது. அம்முகத்தைச் சுற்றி நாட்டை நிறுவியவர் என்னும் வாசகத்தை இலத்தீன் மொழியில் பொறித்தனர்! அங்காடிப் பெண்டிருள் அதனைப் படிக்க வல்லார் ஒருவரும் இருந்திரார். ஆட்சி மொழியாக ஆங்கிலமே நிலைத்தது. பல குலங்கள் பல மொழிகள் உள்ள நாட்டில் எதனை உயர்த்தினாலும் பிற குலத்தார் புண்படுவர் என்ற அச்சம். மொழிப் பூசலின் சூடு அறிந்த நமக்கு இவ்வச்சம் புரியும்.

1958-இல் பிரெஞ்சுக் கினி நாடு பிரான்சின் ஏற்பாட்டை மறுத்து விடுதலையைத் தேர்ந்தது. பிரெஞ்சுக்காரர் தொலைபேசிகளையும் பிடுங்கிக்கொண்டு வெளியேறினர். கினியின் தலைவர் செக்கு தூரேக்கு நிக்ரூமா ஒரு கோடிப் பவுன் கடன் ஈந்தார். அன்று ஈந்தது பிற்காலத்தில் வேறு உருவில் திரும்பி வந்தது. அவ்வாண்டு டிசம்பரில் அக்ராவில் கூடிய அனைத்து ஆப்பிரிக்க மக்கள் மாநாட்டிற்குக் காங்கோவிலிருந்து பாத்ரிஸ் லுமும்பா வந்தார். இருவரும் உயிர் நண்பராயினர். மாநாடு முடிந்ததும் நிக்ரூமா இந்தியாவிற்கு வந்து நேருவின் விருந்தினராக இருந்து சென்றார். கானாவின் விமானப் படையை உருவாக்க இந்திய அலுவலரும் சென்று உதவினர்.

காங்கோ நிகழ்ச்சியை விரித்துரைக்க வேண்டியுள்ளது. 1960-இல் காங்கோ விடுதலை பெற்ற சில நாட்களிலேயே குழப்பம் மூண்டது. ஐக்கிய நாடுகளின் படையில் கானா வீரரும் சென்றனர். கானாப் படைக்கு அன்றும் தலைவராக இருந்தவர் அலெக்சாண்டர் என்னும் ஆங்கிலேயத் தளபதி. செப்டம்பரில், பதவி பறிக்கப்பட்டதாக அறிவிக்கப் பெற்ற லுமும்பா, மக்களிடம் பேச வானொலி நிலையம் சென்றார். வாயிலில் நின்று அவரைத் தடுத்தவர் கானா வீரர்! நண்பனைக் காக்க நிக்ரூமா அனுப்பிய படை, மேலிருந்து வந்த ஆணைக்குப் பணிந்து அந்நண்பன் வாயை அடைத்தது. 1961 ஜனவரி 17-ஆம் நாள் லுமும்பா கொல்லப்பட்டார். அவ்வாண்டிலேயே நிக்ரூமா ஆங்கிலேயத் தளபதியை விலக்கினார். கொடி மாறியும் கட்டளைச் சொல் மாறாதிருந்த கொடுமையை அவர்க்கு இதனினும் தெளிவாக எவரும் உணர்த்தியிரார்.

இதன் பின்னரே அவர் உள்ளத்தில் ஐயம் நோயாகப் பரவியது என்பது நம் எண்ணம். ஆயினும் அதற்கு வித்து முன்னரே விழுந்திருந்தது. 1958-இல் விசாரணையின்றி ஐந்தாண்டு வரை ஒருவரைச் சிறையிலிடும் தடுப்புக் காவற் சட்டம் வந்தது. இந்தியாவிலும் 1950-இல் அத்தகைய சட்டம் இருந்தது எனக் கூறுவாரும் உண்டு. உண்மையே. நம்மிடத்துக் காலவரம்பும் ஆய்வுக் குழுவும் இருந்தன, நீதிமன்றம் சில வேளைகளிலேனும் குறுக்கிட்டது என்று ஆறுதல் கொள்ளலாமேயன்றி, அச்சட்டத்தைப் பற்றி நாம் பெருமை கொள்ள இயலாது. வெள்ளையர் விட்டுச் சென்ற கருவிகளுள் மிக எளிதாகக் கைக்கு வந்தது அதுவே போலும்.

1960 ஜூலை 1-ஆம் நாள் கானா குடியரசாயிற்று. தலைவர் பதவிக்கு நிக்ரூமாவை எதிர்த்து நின்று தோற்றவர் டான்குவா. மறு ஆண்டே அவர் சிறை சென்றார். விடுபட்டு, 1964-இல் மீண்டும் சிறை சென்றார். 1965 பிப்ரவரியில், நிசாவம் சிறைக்கூடத்தில், உரிய மருத்துவமும் உறவினர் துணையுமின்றி அம்முதியவர் உயிர் நீத்தார். ஆக்கோ அட்ஜேயோ, 1962-இல் குலுங்குகு என்னும் ஊரில் நிக்ரூமாவின் மீது வெடிகுண்டு வீசப்பட்டதை ஒட்டிக் குற்றஞ்சாட்டப்பட்டார். நீதிமன்றம் அவரை விடுவித்தது. விடுவித்த தலைமை நீதிபதியை நிக்ரூமா பதவி நீக்கி, மறு விசாரணையில் மரண தண்டனை பெறச் செய்து, பின் சிறைவாசமாகக் குறைத்தார். 1964-இல் நாட்டில் ஒரே கட்சி என்றாயிற்று. வெற்றி வீரன் எனப் பொருள்படும் ஒசாஜிபோ என்னும் பட்டத்தை நாளேடுகள் நாள்தோறும் முழங்கின.

இத்தனைக்கும் அவர் குடியாதவர், புகையாதவர், விடியுமுன் எழுந்து நள்ளிரவு வரை உழைத்தவர். எகிப்து நாட்டுப் பாத்தியாவை 1957-ஆம் ஆண்டின் இறுதியில் எளிய முறையில் மணந்தார். மூன்று மக்கள் பிறந்தனர்.

அவர் செயல்களுள் நிலைத்தது அக்கொசொம்போ அணை. நம் நேருவுக்குப் பக்ரா நங்கல் போல அவர்க்கு வோல்ட்டா ஆற்றணை. மின்சாரம் எடுத்து, நாட்டில் கிடைக்கும் பாக்சைட்டை உருக்கி அலுமினியமாக்கி, கொக்கோ ஒன்றையே நம்பியிருக்கும் நிலையை ஒழிப்பது அவர் கனவு. செலவில் பாதியைக் கானா ஏற்றது. எஞ்சியது உலக வங்கி, அமெரிக்கா, பிரிட்டன் கடன். 8,500 சதுர கிலோமீட்டர் பரப்புள்ள ஏரி தோன்றியது. ஏறத்தாழ 80,000 பேர் வீடிழந்து, புதிதாக அமைத்த 52 குடியிருப்புகளுக்குப் பெயர்ந்தனர். ஆனால் உருக்காலையை அமைத்த அமெரிக்க நிறுவனத்தார் கானாவின் பாக்சைட்டைத் தொடவில்லை. மூலப்பொருளை அயல்நாட்டினின்றும் கொணர்ந்து, மிகக் குறைந்த விலைக்கு மின்சாரம் பெற்று, உருக்கி ஏற்றுமதி செய்தனர். நீண்ட கால ஒப்பந்தமாதலின் 1980-களில்தான் மின் விலையைத் திருத்த முடிந்தது. அணை இல்லாவிடின் அந்நாட்டில் விளக்கும் இல்லை என்பதையும் மறத்தலாகாது. அக்ரா நகர் பல்லாண்டு ஒளி பெற்றது அவ்வணையால்தான்.

இத்தகைய பிணைப்புகளைக் கண்டே அவர் 1965-இல் புதிய குடியேற்ற ஆதிக்கம் பற்றி ஒரு நூல் வெளியிட்டார். கொடியும் பாட்டும் ஒரு நாட்டினுடையனவாக இருக்க, அதன் பொருள் வாழ்வு வெளியிலிருந்து ஆட்டுவிக்கப்படும் நிலையை அந்நூல் விளக்கியது. அமெரிக்க அரசு சினந்து உதவியை நிறுத்தியது. அவ்வாண்டிலேயே கானாவின் கொக்கோ விளைச்சல் ஐந்து லட்சம் டன்னைத் தாண்டியது. விலையோ 1954-இல் இருந்த உச்சத்தில் கால் பங்கிற்கும் கீழே வீழ்ந்தது. மிகுதியாக விளைவித்தமையே வறுமைக்குக் காரணமாயிற்று! விடுதலையின்போது இருந்த கையிருப்புக் கரைந்தது. கடைகளில் சர்க்கரையும் பாற்பொடியும் மறைந்தன. அதே ஆண்டில் ஆப்பிரிக்கத் தலைவர் மாநாட்டுக்கெனப் பெருஞ்செலவில் ஒரு மாளிகை எழுப்பினார். பால் கிடையாது வரிசையில் நின்ற தாய்மாருக்கு அம்மாளிகையைக் காணும்போது என்ன தோன்றியிருக்கும்?

இந்திய மக்கள் அவர்மீது மனக்கசப்புற்றதும் உண்டு. 1962-இல் சீனர் நம் எல்லையைத் தாண்டியபோது, பிரிட்டன் இந்தியாவிற்குப் படைக்கலம் தருவதை அவர் ஆட்சேபித்தார். அணிசேராக் கொள்கையில் நேருவோடு தோள் இணைந்து நின்றவர் அவ்வாறு செய்தது தில்லியில் வருத்தம் விளைத்தது. அவர் உள்ளத்தில் இருந்தது சீனரின் மீதுள்ள பற்றோ, வல்லரசுகளின் படைக்கலம் எங்கு நுழைந்தாலும் அஞ்சிய அச்சமோ, இரண்டும் கலந்ததோ! நம் வீரர் பனியில் மடிந்துகொண்டிருந்த வேளையில் அவ்வாராய்ச்சிக்கு இங்கே எவர்க்கும் பொறுமை இருக்கவில்லை.

1966 ஜனவரியில் அணையைத் தொடங்கி வைத்தார். அடுத்த திங்கள், வியட்நாம் போரைத் தணிக்கும் முயற்சியாக அனோய் நகருக்குப் புறப்பட்டுப் பீக்கிங் சேர்ந்தார். பிப்ரவரி 24-ஆம் நாள் விடியற்காலையில் படையினரும் போலீசாரும் ஆட்சியைக் கைப்பற்றினர். செய்தி அவர்க்குச் சீனத்தில் எட்டியது. சிறைகள் திறந்தன. நூற்றுக்கணக்கானோர் வெளிவந்தனர், ஆக்கோ அட்ஜேயும் அவருள் ஒருவர். அக்ராத் தெருக்களில் மக்கள் ஆடினர், பாடினர். சட்டசபை எதிரே நின்ற அவர் சிலையைத் தள்ளி உடைத்தனர். ஒன்பதாண்டின் முன் அதே தெருக்களில் அவர்க்காக ஆடியோருள் பலர் அக்கூட்டத்திலும் இருந்திருப்பர்.

செக்கு தூரே நன்றி மறவாதவர். கினிக்கு அழைத்து, தமக்கு இணையான தலைவர் என்று பட்டமும் தந்தார். கொனாக்ரியில் கடலோரமாக ஒரு வீட்டில் ஆறாண்டுகள் வாழ்ந்தார். நூல்கள் எழுதினார், ரோசாச் செடிகள் வளர்த்தார், என்றேனும் அழைப்பு வரும் எனக் காத்திருந்தார். அழைப்பு வரவில்லை, புற்றுநோய் வந்தது. 1972 ஏப்ரல் 27-ஆம் நாள் ருமேனியத் தலைநகர் புக்காரெஸ்டில் மருத்துவமனையில் இறந்தார். உடலைக் கினி நாட்டில் வைத்து வணங்கினர். கானா அரசினர் வேண்டிப் பெற்று, அவ்வாண்டு ஜூலையில் பிறந்த ஊரான இங்குரோபுலில் அடக்கம் செய்தனர். அவரது அன்னை அப்போது உயிரோடு இருந்தார்.

1992-இல் அவர் உடல் மீண்டும் எடுக்கப்பட்டு, அக்ராவில் பழைய போலோ மைதானத்தில் எழுப்பிய நினைவு மண்டபத்தில் வைக்கப்பெற்றது. அன்றும் பூசல் ஓயவில்லை. டான்குவாவின் உறவு வழி வந்த அகுபோ-அட்டோ 2017 முதல் 2025 தொடக்கம் வரை குடியரசுத் தலைவராக இருந்தார். நாட்டை நிறுவியவர் ஒருவர் அல்லர், பலர் எனக் கூறி, நிறுவியோர் நாளை நிக்ரூமாவின் பிறந்த நாளினின்றும் ஆகஸ்டு 4-க்கு 2019-இல் மாற்றினார். அடுத்து வந்த அரசு 2025-இல் அதனை மீண்டும் செப்டம்பர் 21-க்கே கொணர்ந்தது.

மண்டபத்தின் தோட்டத்தில், புதிய சிலையின் பின்புறம், 1966-இல் உடைக்கப்பட்ட பழைய சிலையும் நிற்கின்றது. அதற்குத் தலை இல்லை. கலவர நாளில் யாரோ எடுத்துச் சென்று பல்லாண்டு காத்து வைத்திருந்து திருப்பித் தந்த அத்தலை, சற்றுத் தள்ளித் தனிப் பீடத்தில் வைக்கப்பட்டிருக்கின்றது. பள்ளிச் சிறுவர் வரிசையாக வந்து முதலில் உடலையும் அடுத்துத் தலையையும் பார்த்துச் செல்கின்றனர்.